ஏர் ரைஃபிளில் ரெட் டாட் பொருத்துவது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வார இறுதியில் ஏர் ரைஃபிள் சுடும் நண்பர்கள் வட்டத்தில், ரெட் டாட் என்ற குறிபார்க்கும் கருவியை, அதைத் துப்பாக்கியோடு பிடித்து நிறுத்தும் மவுண்ட்டோடு மாட்டிக் கொடுக்கும் வேலை எப்படியோ என் தலையில் விழுந்துவிட்டது. புதிதாக யார் சேர்ந்தாலும் அதே சந்தேகங்கள்தான் வருகின்றன. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக வாய்ஸ் மெசேஜ் அனுப்புவதைவிட எழுதி வைப்பது மேல் என்று தோன்றியது. கேள்விகளைக் கேட்டவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன். 0.177 அங்குல பெல்லட் (ஏர்கன் குண்டு) சுடும் ஸ்பிரிங் ரைஃபிளையும், அடைத்து வைத்த காற்றில் சுடும் பிசிபியையும் மனதில் வைத்தே பதில்கள். ஒன்றை இப்போதே சொல்லிவிடுகிறேன்: “டாட் பழுது” என்று என்னிடம் வருவனவற்றில் பெரும்பாலானவற்றில் டாட் நன்றாகத்தான் இருக்கும். கோளாறு அது உட்கார்ந்திருக்கும் இடத்தில்.

ஏனுங்க, ரெட் டாட்டுன்னா லேசருங்களா? செவுத்துல செவப்புப் புள்ளி விழுமா?

விழாது. லேசர் வெளியே போய் இலக்கின் மேல் புள்ளி வைக்கும். ரெட் டாட்டில் புள்ளி உங்கள் கண்ணுக்கு மட்டும்தான் தெரியும். உள்ளே ஒரு சின்ன எல்இடி இருக்கிறது. அதன் ஒளி முன்னாலிருக்கும் வளைந்த கண்ணாடியில் பட்டு உங்கள் பக்கம் திரும்புகிறது. அந்தக் கண்ணாடியின் பூச்சு சிவப்பை மட்டும் திருப்பிவிட்டு மற்ற நிறங்களை உள்ளே விடும். அதனால் காட்சியும் தெரியும், காட்சியின் மேல் புள்ளி மிதப்பது போலவும் தெரியும்.

யோசனை பழையது. டப்ளினில் தொலைநோக்கி செய்துகொண்டிருந்த ஹோவர்ட் கிரப் 1900-லேயே இப்படி ஒளியைத் திருப்பிக் குறிபார்க்கும் கருவியை வடிவமைத்துவிட்டார். பேட்டரியில் எரியும் இன்றைய ரெட் டாட்டை 1970-களின் நடுவில் சந்தைக்குக் கொண்டுவந்தது ஸ்வீடனின் எய்ம்பாயிண்ட்.

ஸ்கோப் வாங்கறதா, ரெட் டாட் வாங்கறதா?

பத்திலிருந்து இருபத்தைந்து மீட்டருக்குள் டப்பா, மூடி, தொங்கும் இரும்புத் தட்டு என்று சுடுகிறீர்கள் என்றால் ரெட் டாட் சுகம். இரண்டு கண்ணையும் திறந்து வைத்துக்கொள்ளலாம். கண்ணைக் குறிப்பிட்ட தூரத்தில் வைத்தே ஆகவேண்டும் என்ற கட்டாயம் இல்லை. ஆனால் உருப்பெருக்கம் கிடையாது. நாற்பது மீட்டரில் ஒரு ரூபாய் நாணயத்தை அடிக்கும் ஆசை இருந்தால் ஸ்கோப்தான்.

போட்டிக்குப் போகிற எண்ணம் இருந்தால் இரண்டுமே வேண்டாம். பத்து மீட்டர் ஏர் ரைஃபிள் போட்டியில் துளை வழியாகப் பார்க்கும் பீப் சைட் மட்டும்தான் அனுமதி. ககன் நாரங் 2012-இல் லண்டனில் வெண்கலம் வாங்கியதும், கடலூரில் பிறந்த இளவேனில் வாலறிவன் சுடுவதும் அதை வைத்துத்தான். அந்த அட்டையில் பத்துப் புள்ளி வட்டத்தின் விட்டம் வெறும் அரை மில்லிமீட்டர். சாதாரண 3 எம்ஓஏ (இந்த அளவு என்ன என்பது அடுத்த கேள்வியில்) ரெட் டாட் புள்ளி பத்து மீட்டரில் கிட்டத்தட்ட 9 மி.மீ. அகலத்தை மறைத்துவிடும்.

எம்ஓஏ எம்ஓஏன்னு எல்லாரும் சொல்றீங்க, அது என்ன அளவு?

ஒரு டிகிரியில் அறுபதில் ஒரு பங்கு கோணம். நூறு மீட்டரில் 29 மி.மீ., பத்து மீட்டரில் ஏறக்குறைய 3 மி.மீ. இந்தப் “பத்து மீட்டருக்கு மூணு மில்லி” என்பதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். கீழே பல இடத்தில் வரும்.

இதுக்கெல்லாம் லைசன்ஸ் வேணுமா அண்ணே?

2016 ஆயுத விதிகளின்படி 0.177 அங்குலக் குழல், 20 ஜூலுக்கு மிகாத வேகசக்தி என்ற இரண்டு வரம்புக்குள்ளும் இருக்கிற ஏர்கன்னுக்கு உரிமம் தேவையில்லை. அரை கிராம் சொச்சம் எடையுள்ள பெல்லட் நொடிக்கு 200 மீட்டர் வேகத்தில் போனால் சக்தி 11 ஜூல் அளவில் இருக்கும். சாதாரண ஸ்பிரிங் ரைஃபிள்கள் இந்தப் பக்கம்தான். 0.22 வேண்டுமென்றால் உரிமம் வேண்டும்.

உரிமம் வேண்டாம் என்பதற்காகக் கொக்கையும் புறாவையும் குறிவைக்கலாம் என்று அர்த்தமில்லை. 1972 வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் ஏர்கன் என்று பார்த்து விட்டுக்கொடுக்காது. “காக்காவுக்கு ஜீரோ பண்ணிக் கொடுங்க” என்று வருகிறவர்களுக்கு நான் மாட்டித் தருவதில்லை. (ஜீரோ என்றால் புள்ளி வைத்த இடத்திலேயே குண்டு படும்படி டாட்டைச் சரிசெய்வது.)

என் ரைஃபிள் மேல இருக்கறது எந்த ரெயில்னே தெரியல. எப்படிக் கண்டுபிடிக்கறது?

ரெயில் என்பது மவுண்ட் கவ்விப் பிடிக்கும் பட்டை. குறுக்கே கனமான பள்ளங்கள் வரிசையாக, ஏணிப் படி போல வெட்டியிருந்தால் அது பிகாட்டினி அல்லது வீவர். குறுக்குப் பள்ளம் இல்லாமல், உடலின் இரண்டு பக்கமும் நீளவாக்கில் ஒரு கூர்ப்பள்ளம் மட்டும் ஓடினால் டவ்டெயில். நம்மூரில் விற்கும் ஸ்பிரிங் ரைஃபிள்களில் டவ்டெயில்தான் அதிகம். சிலவற்றில் டவ்டெயில் மேல்பரப்பில் கண் கூசாமல் இருக்க மெல்லிய வரிகள் போட்டிருப்பார்கள். அதைப் பார்த்துப் பிகாட்டினி என்று நினைத்துவிடாதீர்கள்.

விற்பனைப் பக்கங்களில் “11 மி.மீ.” என்றால் டவ்டெயில், “20 மி.மீ.” அல்லது “22 மி.மீ.” என்றால் பிகாட்டினி, வீவர் வகை. பிகாட்டினிக்கு அமெரிக்க ராணுவம் 1995-இல் எழுதி வைத்த அளவு இருக்கிறது: அகலம் 21.2 மி.மீ., பள்ளத்தின் அகலம் 5.23 மி.மீ., பள்ளத்துக்குப் பள்ளம் நடுவிலிருந்து நடு 10 மி.மீ. டவ்டெயிலுக்கு அப்படி ஒரு கறாரான அளவு கிடையாது. பேச்சுக்கு 11 என்பார்கள். நிஜத்தில் 9.5-இல் தொடங்கி 13-க்கு மேலும் போகும். பக்கவெட்டின் சாய்வுகூடக் கம்பெனிக்குக் கம்பெனி மாறும். ஆர்டர் போடும் முன் ஒரு வெர்னியர் வைத்து அளந்துவிடுங்கள். வெர்னியர் இல்லாவிட்டால் பக்கத்து லேத் பட்டறையில் கேட்டால் ஒரு நிமிட வேலை.

வீவரும் பிகாட்டினியும் ஒண்ணுதானே? கடைக்காரர் அப்படித்தான் சொன்னார்.

பக்கத்துச் சொந்தம், ஆனால் ஒன்றல்ல. வீவரின் பள்ளம் 4.57 மி.மீ.தான், இடைவெளியும் சீராக இருக்கவேண்டும் என்பதில்லை. ஆகவே வீவருக்கான மவுண்ட் பெரும்பாலும் பிகாட்டினியில் உட்காரும். பிகாட்டினி மவுண்டின் குறுக்குக் கட்டை வீவர் பள்ளத்துக்குள் இறங்காமல் போகலாம். கட்டை பள்ளத்துக்குள் இறங்காமல் விளிம்பில் ஏறி நிற்கும்போது ஸ்க்ரூவை முறுக்கினால் இறுகின மாதிரியே இருக்கும். அதுதான் ஆபத்து.

என்கிட்ட 11 மி.மீ. ரெயில். 20 மி.மீ. கிளாம்ப்பை ஒட்ட இறுக்கினேன், நல்லா நிக்குதே?

நிற்கும். பத்துக் குண்டு வரை நிற்கும். போன மாதம் ஒரு தம்பி இப்படி மாட்டிக்கொண்டு வந்தார். கழற்றிப் பார்த்தபோது, கிளாம்ப்பின் கவ்வும் தாடை டவ்டெயிலின் கூர்ப்பள்ளத்துக்குள் போகவே இல்லை. மேல் விளிம்பை மட்டும் கவ்வியிருந்தது. ரெயிலின் கறுப்பு, நகம் கீறின மாதிரி ஒரு கோடாக உரிந்து வெள்ளை அலுமினியம் பளிச்சென்று தெரிந்தது. அந்தக் கோடு ஒரே இடத்தில் இல்லாமல் பின்பக்கமாக நீண்டிருந்தது. ஒவ்வொரு சுடுதலுக்கும் டாட் கொஞ்சம் கொஞ்சமாகப் பின்னால் நகர்ந்திருக்கிறது. அவரோ டாட்டில் ஜீரோ நிற்கவில்லை என்று புதியது வாங்கப் பணம் புரட்டிக்கொண்டிருந்தார்.

விலை குறைந்த டாட்டுகள் சிலவற்றில் கிளாம்ப் தகடு இருபுறமும் பயன்படும்படி இருக்கும்: ஒரு பக்கம் 11-க்கு, திருப்பி மாட்டினால் 20-க்கு. டப்பாவைத் தூக்கிப் போடும் முன் அந்தத் தகட்டைத் திருப்பிப் பாருங்கள். பலருக்கு விடை அங்கேயே இருக்கும்.

டவ்டெயில்லேருந்து பிகாட்டினிக்கு மாத்தற அடாப்டர் போடலாமா?

போடலாம். ஆனால் இப்போது இறுக வேண்டிய இணைப்பு ஒன்றுக்குப் பதில் இரண்டு. உயரமும் கூடும், ரைஃபிளின் கட்டையில் (தோளில் வைக்கும் பகுதி) உங்கள் கன்னம் படியாமல் முகத்தாடைதான் படும். 11 மி.மீ.க்கே செய்த மவுண்ட் கிடைத்தால் அதுதான் முதல் தேர்வு. அடாப்டர்தான் வழி என்றால், ஒரே துண்டாக நீளமாக இருப்பதை, ஸ்டாப் பின் உள்ளதாகப் பார்த்து வாங்குங்கள். ஸ்டாப் பின் ஏன் என்பது கொஞ்சம் கீழே வருகிறது.

ரெயில்ல முன்னாடி வைக்கறதா, பின்னாடி வைக்கறதா?

ஸ்கோப் போல கண்ணுக்கு மூன்று அங்குலம் என்ற கணக்கு இதில் இல்லை. முன்னால் போகப் போக டாட்டின் குழாய் கண்ணுக்குச் சிறிதாகத் தெரியும், சுற்றிலும் காட்சி அதிகமாகத் தெரியும். கண்ணுக்கு அருகில் வைத்தால் புள்ளியைத் தேடிப் பிடிப்பது எளிது. நடுவில் வைத்துத் தொடங்குங்கள். இரண்டு இடம் மட்டும் கூடாது: குழலை மடித்து பெல்லட் போடும் ரைஃபிளில் விரல் போய்வரும் வழி, பிறகு மடியும் குழலின் மேலேயே. குழல் ஒவ்வொரு முறையும் திறந்து மூடுகிறது, அதன் மேல் டாட் இருந்தால் நீங்கள் பிடித்துத் திறக்கும் கையே அதைத் தட்டிவிடும்.

சரி, மாட்டற வரிசையைச் சொல்லுங்க. வீட்லயே பண்ணிக்கறேன்.

முதலில் ரைஃபிள் காலியா, ஸ்பிரிங் இழுக்கப்படாமல் இருக்கிறதா என்று பாருங்கள். குழலைத் திறந்து கண்ணால் பார்க்க வேண்டும், “நேத்தே எடுத்துட்டேன்” என்பது கணக்கில் வராது. பெல்லட் டப்பாவை வேறு அறையில் வைத்துவிடுங்கள்.

அடுத்து எண்ணெய். கம்பெனியில் பூசி அனுப்பும் எண்ணெய் ரெயிலின் பள்ளத்தில் தேங்கியிருக்கும். மருந்துக் கடையில் கிடைக்கும் ஐசோப்ரொபைல் ஆல்கஹாலைத் துணியில் நனைத்து, பள்ளத்தில் நகத்தை வைத்து அழுத்தித் துடையுங்கள். மவுண்டின் தாடையையும் அப்படியே. ரெயில் தனித் துண்டாகத் திருகப்பட்டிருந்தால் அதன் ஸ்க்ரூக்கள் இறுக்கமா என்றும் இப்போதே பார்க்கவேண்டும். டாட் மாட்டியபின் அவை மறைந்துவிடும்.

தாடையை நன்றாகத் திறந்து மவுண்டை மேலிருந்து உட்காரவையுங்கள். ஸ்க்ரூவை விரலால் சுற்றி, தாடை பள்ளத்துக்குள் போயிருக்கிறதா என்று குழல் பக்கமிருந்து ஒருமுறை, பிடி பக்கமிருந்து ஒருமுறை பாருங்கள். இரண்டு பக்கமும் ஒரே மாதிரி தெரிந்தால்தான் ஆலன் கீயை எடுக்கலாம். இரண்டு ஸ்க்ரூ இருந்தால் இதில் கால் சுற்று, அதில் கால் சுற்று என்று மாற்றி மாற்றி. கடைசியில் மவுண்டுக்கும் ரெயிலுக்கும் குறுக்கே நகப்பூச்சால் ஒரு மெல்லிய கோடு. வீட்டில் யாரிடமாவது கேட்டு வாங்குங்கள், கடுஞ்சிவப்பு நன்றாகத் தெரியும்.

எவ்ளோ இறுக்கணும்? டார்க் ரெஞ்ச் எல்லாம் எங்கிட்ட இல்ல.

மவுண்டின் தாளில் எண் இருந்தால் அதுதான் சட்டம். இல்லாவிட்டால் சின்ன ஸ்க்ரூக்களுக்கு 15 முதல் 20 அங்குல-பவுண்டு, அதாவது ஏறக்குறைய 2 நியூட்டன்-மீட்டர், பாதுகாப்பான வரம்பு. முறுக்கும் அளவைக் காட்டும் அந்த டார்க் ரெஞ்ச் இல்லையென்றால் எல் வடிவ ஆலன் கீயின் நீண்ட காலை ஸ்க்ரூவில் விட்டு, குட்டைக் காலை இரண்டு விரலால் பிடித்து நிற்கும்வரை முறுக்குங்கள். நீண்ட காலைக் கைப்பிடியாக்கி முழுக்கையும் போட்டால் அலுமினியத்தின் மரை உருவி வந்துவிடும். மரை போன மவுண்டைச் சரிசெய்யும் செலவில் புது மவுண்டே வரும்.

லாக்டைட் விட்டா நகராது இல்ல?

லாக்டைட் என்ற மரைப் பசை, ஸ்க்ரூ தானாகத் தளராமல் பார்க்கும். மவுண்ட் ரெயிலில் வழுக்குவதை அது தடுக்காது. இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டுதான் பலர் பாட்டிலைக் கவிழ்க்கிறார்கள். போடுவதானால் நீலம், 242 அல்லது 243, மரையில் ஒரு சொட்டு. சிவப்பு வகை வேண்டாம், அது சூடுகாட்டாமல் கழலாது, டாட்டுக்குள் இருக்கும் எலக்ட்ரானிக்ஸுக்குச் சூடு ஆகாது. பிளாஸ்டிக் உடல் உள்ள டாட்டில் எந்த நிறமும் வேண்டாம், சில பிளாஸ்டிக்குகள் அதில் வெடிப்பு விடும். ரெயிலிலோ தாடையிலோ ஒரு துளிகூடப் படக்கூடாது. ஜீரோ முடிந்த பிறகு, ஒரு ஸ்க்ரூவாகக் கழற்றிப் போடுங்கள். முழுதாக இறுக ஒரு நாள் விடுங்கள்.

யூடியூப்ல எல்லாரும் மவுண்டை முன்னாடி தள்ளி இறுக்கச் சொல்றாங்க. நீங்க பின்னாடி தள்ளுன்னு சொல்றீங்க. எது சரி?

இரண்டும் சரி. அவர்கள் சொல்வது வெடிமருந்துத் துப்பாக்கிக்கு, நான் சொல்வது ஸ்பிரிங் ஏர் ரைஃபிளுக்கு. தோட்டா வெடிக்கும்போது துப்பாக்கி பின்னால் உதைக்கிறது. மேலிருக்கும் டாட் இருந்த இடத்திலேயே நிற்கப் பார்க்கிறது, அதாவது ரெயிலைப் பொறுத்தவரை முன்னால் போகிறது. அதனால் குறுக்குக் கட்டையைப் பள்ளத்தின் முன்சுவரோடு ஒட்டி வைத்து இறுக்கினால் பிறகு நகர இடமில்லை.

ஸ்பிரிங் ரைஃபிளின் உதை இருவழி. விசையை அழுத்தியதும் கனமான பிஸ்டன் முன்னால் பாய்கிறது, ரைஃபிள் பின்னால் வருகிறது. அடுத்த கணமே பிஸ்டன் குழலடியில் அடைபட்ட காற்றில் மோதி நிற்கிறது, அந்த மோதல் ரைஃபிளை முன்னால் வெடுக்கென்று இழுக்கிறது. இந்த இரண்டாவது இழுப்பு திடீரென்று வருவது. ரைஃபிள் முன்னால் போக, டாட் பின்தங்குகிறது. ஆகவே ஸ்பிரிங் ரைஃபிளில் மவுண்ட் எப்போதும் பின்பக்கமாக, உங்கள் கண்ணை நோக்கி ஊர்ந்து வரும். மேலே சொன்ன தம்பியின் ரெயிலில் கோடு பின்னால் நீண்டிருந்ததற்குக் காரணம் இதுதான். பிகாட்டினியாக இருந்தால் கட்டையைப் பின்சுவரோடு ஒட்டுங்கள். டவ்டெயிலில் பள்ளமே இல்லை, வெறும் பிடிமானம்தான். அதனால்தான் பல ரைஃபிள்களில் ரெயிலின் பின்கோடியில் ஒரு சின்னத் துளையோ தடுப்புக் கட்டையோ வைத்திருப்பார்கள். மவுண்டின் அடியிலிருக்கும் ஸ்டாப் பின்னை அந்தத் துளையில் இறக்கவேண்டும். அந்தத் துளை எதற்கென்று தெரியாமல் வருடக்கணக்கில் வைத்திருப்பவர்கள் நிறையப் பேர்.

பெரிய துப்பாக்கியில் தாக்குப்பிடித்த ஸ்கோப்புகள்கூட ஸ்பிரிங் ரைஃபிளில் உள்ளே உடைந்து போவது இதே இருவழி உதையால்தான். டாட் வாங்கும்போது “ஏர்கன்னுக்கு ஏற்றது” என்று கம்பெனி எழுத்தில் சொல்லியிருக்கிறதா பாருங்கள்.

எங்கிட்ட இருக்கறது பிசிபி. இவ்ளோவும் வேணுமா?

வேண்டாம். பிசிபியில் அடைத்த காற்று மட்டுமே வேலை செய்கிறது, பாயும் பிஸ்டன் கிடையாது, உதையும் பெயருக்குத்தான். எண்ணெய் துடைத்து ஒழுங்காக இறுக்கினால் போதும்.

எத்தன மீட்டர்ல ஜீரோ பண்ணணும்?

நீங்கள் அதிகம் சுடும் தூரத்தில். அதைக் கேட்டால் “எல்லாத் தூரமும்” என்பார்கள், அப்படியானால் இருபது மீட்டர். காரணம் உயரம்: புள்ளி குழலுக்கு மேலே நாலரை சென்டிமீட்டரில் இருக்கிறது, பெல்லட் கீழேயிருந்து கிளம்பி மேலேறிப் பார்வைக் கோட்டைத் தொட்டுவிட்டு இறங்குகிறது. நொடிக்கு 200 மீட்டர் அளவில் கிளம்பும் பெல்லட்டை இருபதில் ஜீரோ வைத்தால், கணக்குப்படி பதினைந்திலும் ஏறக்குறைய புள்ளியிலேயே படும். பத்தில் ஒரு சென்டிமீட்டருக்குள் கீழே. முப்பதில் மூன்று சென்டிமீட்டர் அளவில் கீழே. ஐந்து மீட்டரில் இரண்டு சென்டிமீட்டருக்கு மேல் கீழே படும். பக்கத்தில் வைத்துச் சுட்டால் அடி கீழே விழுகிறது, தூரத்தில் சரியாக இருக்கிறது என்று குழம்புகிறவர்களுக்கு இதுதான் விளக்கம்.

ஆரம்பத்தில் மட்டும் பத்து மீட்டரில் பெரிய அட்டை வைத்துச் சுடுங்கள். முதல் குண்டு எங்கே போகும் என்று தெரியாது. அட்டைக்குப் பின்னால் மண்மூட்டையோ, துணி திணித்த மரப்பெட்டியோ இருக்கவேண்டும், கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி போடவேண்டும். செங்கல் சுவரில் பட்ட பெல்லட் திரும்பி வரும்.

எந்தப் பக்கம் திருப்பணும்? அம்புக்குறி போட்டிருக்கு, ஆனா புரியல.

டாட்டின் திருகிலிருக்கும் அம்புக்குறி பெல்லட் படும் இடத்தைச் சொல்கிறது, புள்ளியை அல்ல. அடி கீழே படுகிறதென்றால் “மேலே” பக்கம். ஒரு குண்டை நம்பித் திருப்பாதீர்கள், ஐந்து சுட்டு அந்தக் கூட்டத்தின் நடுவைப் பாருங்கள். திருகின் ஒரு கிளிக் 1 எம்ஓஏ என்றால் பத்து மீட்டரில் ஒரு கிளிக் 3 மி.மீ. மூன்று சென்டிமீட்டர் ஏறவேண்டுமென்றால் பத்து கிளிக். கிளிக் அரை எம்ஓஏ என்றால் இருபது.

மேல ஏத்திக்கிட்டே போனேன், கிளிக் தீந்துபோச்சு. இன்னும் கீழதான் படுது.

முதலில் டாட் ரெயிலில் சரியாக உட்கார்ந்திருக்கிறதா என்று பாருங்கள், முன்பக்கம் ஏறியிருந்தாலும் இப்படி ஆகும். அது சரி என்றால் குழல் கீழே சாய்ந்திருக்கிறது. குழல் மடிக்கும் ரைஃபிள்களில் இது புதிதல்ல. பழைய டயானா ரைஃபிள்களுக்கே இந்தப் பேர் உண்டு. ரைஃபிளோடு வரும் திறந்த சைட்டில் தெரியாது, ஏனென்றால் இரண்டு சைட்டும் பெரும்பாலும் அந்தக் குழலின் மேலேயே இருக்கும். ரெயிலோ உடலின் மேல் இருக்கிறது.

தீர்வு, டாட்டின் பின்பக்கத்தைத் துளி உயர்த்துவது. எவ்வளவு துளி என்றால், 60 மி.மீ. நீள மவுண்டின் பின்கோடியில் 0.1 மி.மீ. தகடு வைத்தால் பத்து மீட்டரில் அடி கிட்டத்தட்ட 17 மி.மீ. ஏறும். வளையத்தில் குழாய் உட்காரும் மாடலில் வளையத்தின் அடியில் இப்படி வைக்கலாம். தாடையோடு ஒன்றாக வார்த்த டாட்டில் வைத்தால் தாடை கோணலாகக் கவ்வும், வந்த வியாதியே திரும்ப வரும். அதற்குச் சாய்வு கொடுத்துச் செய்த மவுண்ட் தனியாகக் கிடைக்கிறது.

புள்ளி உருண்டையா இல்ல. வால் முளைச்ச மாதிரி, நட்சத்திரம் மாதிரி இருக்கு. மாத்திக் கொடுப்பாங்களா?

மாற்றும் முன் செல்போன் கேமராவை டாட்டுக்குப் பின்னால் வைத்து ஒரு படம் எடுங்கள். படத்தில் புள்ளி உருண்டையாக இருந்தால் டாட் நன்றாக இருக்கிறது, கண்ணாடிக் கடைக்குத்தான் போகவேண்டும். அவர்கள் “சிலிண்டர் பவர்” என்று எழுதித் தருவார்கள். கண்ணின் முன்பக்கம் சீரான உருண்டையாக இல்லாததால் சின்ன ஒளிப்புள்ளி சிதறித் தெரிகிறது. இன்னொரு சோதனை: தலையை அசைக்காமல் ரைஃபிளைச் சாய்த்தால் சிதறலும் சேர்ந்து சுழல்கிறதா? சுழலாவிட்டால் அது உங்கள் கண்.

பவர் கண்ணாடி போட்டுச் சுட்டால் பெரும்பாலும் சரியாகும். வெளிச்சத்தையும் குறையுங்கள். பலர் உச்சியில் வைத்துவிட்டு, புள்ளி பூத்துத் தெரிகிறது என்பார்கள். இலக்கின் மேல் புள்ளி தெரியும் மிகக் குறைந்த வெளிச்சமே போதும்.

டப்பாவுல பேரலாக்ஸ் ஃப்ரீன்னு போட்டிருக்கு. ஆனா தலைய ஆட்டினா புள்ளி அலையுதே?

பேரலாக்ஸ் என்றால் கண் விலகும்போது இலக்கின் மேல் குறியும் விலகுவது. கண்ணாடிக்குள் புள்ளி நகரத்தான் வேண்டும். கேள்வி, இலக்கின் மேல் நகர்கிறதா என்பது. ரைஃபிளை மண்மூட்டையில் அசையாமல் வைத்து, புள்ளியை அட்டையின் நடுவில் நிறுத்தி, தலையை மட்டும் மெல்ல ஆட்டுங்கள். ஐம்பது மீட்டரில் பெரும்பாலும் நின்ற இடத்தில் நிற்கும். பத்து மீட்டரில் நகரும். டப்பாவில் போட்டது தூரத்து இலக்குக்கு.

டாட்டிலிருந்து வரும் ஒளி ஏறக்குறைய இணையாக வருகிறது. கண் நடுவிலிருந்து 5 மி.மீ. விலகினால் குறியும் ஏறக்குறைய 5 மி.மீ. விலகும். தூரம் கூடினாலும் இது பெரிதாகாது. நூறு மீட்டரில் 5 மி.மீ. யாருக்குக் கவலை? பத்து மீட்டரில் அதுவே ஒரு மூடியைத் தவறவிடப் போதும். 20 மி.மீ. கண்ணாடியில் புள்ளி விளிம்பில் தெரியும்போது சுட்டால் ஒரு சென்டிமீட்டர் வரை போகும். ஆகவே ஏர் ரைஃபிளில் புள்ளி கண்ணாடியின் நடுவில் இருக்கும்போது மட்டும் சுடுங்கள். கன்னம் ஒவ்வொரு முறையும் கட்டையில் ஒரே இடத்தில் படிந்தால் இது தானாக நடக்கும். அடாப்டர் போட்டு உயரத்தை ஏற்றவேண்டாம் என்று மேலே சொன்னதில் இதுவும் ஒரு காரணம்.

சுடும்போது புள்ளி அணைஞ்சு அணைஞ்சு எரியுது.

பேட்டரி மூடியைத் திறந்து, அடியிலிருக்கும் தகட்டு ஸ்பிரிங்கைக் குச்சியால் மெல்ல மேலே நிமிர்த்துங்கள், சிஆர்2032 பேட்டரி புதியதாகப் போடுங்கள். உதையில் தொடுகை விட்டுப்போவதுதான் வழக்கம். அதற்கும் கேட்காவிட்டால், அபூர்வமாக, இது டாட்டின் கோளாறுதான். கழற்றிய பேட்டரியை மேசையில் விட்டுவிடாதீர்கள். சின்னப் பிள்ளைகள் விழுங்கினால் உணவுக்குழாயையே அரித்துவிடும், உடனே மருத்துவமனைக்கு ஓடவேண்டிய விஷயம்.

கழட்டி மாட்டினா மறுபடி ஜீரோ பண்ணணுமா?

சரிபார்க்கவாவது வேண்டும். அதே பள்ளம், அதே பக்கம் தள்ளி, அதே இறுக்கம் என்றால் பெரும்பாலும் பக்கத்தில் வந்துவிடும். நகப்பூச்சுக் கோடு டவ்டெயிலில் பழைய இடத்தைக் கண்டுபிடிக்க உதவும்.

எல்லாம் பண்ணிட்டேன். இன்னும் அடி அங்கங்க போகுது. டாட் பழுதா, மவுண்ட் பழுதான்னு எப்படித் தெரியும்?

கோட்டைப் பாருங்கள். நகப்பூச்சு உடைந்திருந்தால் மவுண்ட் நகர்ந்திருக்கிறது, வேறு விசாரணை வேண்டாம். உடையவில்லையென்றால் ரெயிலின் ஸ்க்ரூ, கட்டையை உடலோடு பிடிக்கும் ஸ்க்ரூ, குழல் மடியும் மூட்டு என்று ஒவ்வொன்றாகக் கையால் ஆட்டிப் பாருங்கள். கட்டை ஸ்க்ரூ தளர்வது ஸ்பிரிங் ரைஃபிளில் தினப்படி நடப்பது. பிறகு டாட்டைக் கழற்றித் திறந்த சைட்டில் ஐந்து சுடுங்கள். அதிலும் சிதறினால் பெல்லட்டோ நீங்கள் ரைஃபிளைப் பிடிக்கும் விதமோ காரணம். ஸ்பிரிங் ரைஃபிளை இறுக்கிப் பிடித்தால் ஒவ்வொரு முறையும் வேறு மாதிரி துள்ளும்.

இவ்வளவும் தாண்டி வந்தால் டாட்டைச் சோதிக்கலாம். ஐந்து சுட்டு, பத்து கிளிக் மேலே, ஐந்து சுட்டு, பத்து வலம், பத்து கீழ், பத்து இடம் என்று ஒரே குறியை வைத்துச் சுற்றி வாருங்கள். கடைசிக் கூட்டம் முதல் கூட்டத்தின் மேல் விழவேண்டும். விழாவிட்டால், அல்லது கிளிக் திருப்பியது அடுத்த குண்டில் தெரியாமல் நாலு குண்டு கழித்துத் திடீரென்று தெரிந்தால், உள்ளே ஸ்பிரிங் போய்விட்டது. பில்லை எடுத்துக்கொண்டு கடைக்குப் போங்கள்.

எங்க அப்பா பேர்ல லைசன்ஸ் உள்ள 12 போர் டபுள் பேரல் இருக்கு. அதுல ஒண்ணு மாட்டித் தர்றீங்களா?

மாட்டித் தரமாட்டேன். முதலாவது, அதில் ரெயிலே கிடையாது. துளை போட்டு மரை எடுக்கவேண்டும். துப்பாக்கியைப் பழுதுபார்ப்பதும் மாற்றியமைப்பதும் 1959 ஆயுதச் சட்டப்படி அதற்கான உரிமம் பெற்றவர்கள் செய்யவேண்டிய வேலை. தெரிந்த லேத் பட்டறையில் கொடுத்து ஓட்டை போட்டால் பட்டறைக்காரரும் மாட்டுவார், அப்பாவும் மாட்டுவார். இரண்டாவது, உரிமம் அப்பா பெயரில் இருக்கிறது. துப்பாக்கியை நீங்கள் தூக்கிக்கொண்டு என் வீட்டுக்கு வருவதே சிக்கல். அப்பாவையே உரிமம் உள்ள ஆயுதக் கடைக்குப் போய்க் கேட்கச் சொல்லுங்கள். அங்கே மாட்டினால் மேலே யூடியூப்காரர்கள் சொன்னபடி முன்னால் தள்ளித்தான் இறுக்குவார்கள், அது சரிதான்.